ஆறு மாத அடைப்பில் ஒரு நவஹோ புத்தகம்

கொத்தனார் ஜன்னலைப் பெயர்த்து எடுத்தபோது, புத்தக அலமாரியின் மேல் தூசி விழாமல் இருக்க ஒரு பழைய போர்வையை எடுத்து மூடினேன். அப்பா அதே அறையில், கட்டிலில் இறந்து கிடந்தார். பெற்ற தகப்பனைப் பார்க்காமல் புத்தகத்துக்குப் போர்வை போர்த்தியவன் என்று மதினி இன்றைக்கும் சொல்லிக்காட்டுகிறார். போர்த்தியது உண்மைதான். போர்த்திய கையோடு இரண்டாவது தட்டிலிருந்து ஒரே ஒரு புத்தகத்தை எடுத்துக்கொண்டு வெளியே வந்திருந்தால் பிறகு வந்த தொல்லைகளில் பெரும்பாதி வந்திருக்காது. எனக்கு அது தோன்றவில்லை. பொருள்களை அதனதன் இடத்தில் வைத்துப் பழகியவன் நான். புத்தகத்தின் இடம் அலமாரி.

ஜன்னலை ஏன் பெயர்த்தார்கள் என்று சொல்ல வேண்டும். அப்பா இறந்தது சதய நட்சத்திரத்தில். அவிட்டம் தொடங்கி ரேவதி வரை வரிசையாக ஐந்து நட்சத்திரங்கள் சாவுக்கு ஆகாதவை என்பது எங்கள் வீட்டு நம்பிக்கை. அந்த நாட்களில் வீட்டுக்குள் உயிர் போனால் பிரேதத்தை வாசல் வழியாக எடுக்கக் கூடாது. சுவரை இடித்து, அந்த வழியாக எடுத்து, பிறகு செங்கல் வைத்து அடைத்துவிட வேண்டும். உயிர் போன அறையை ஆறு மாதம் பூட்டிவைக்க வேண்டும். இதற்கு அடைப்பு என்று பெயர். தினமும் சாயங்காலம் பூட்டிய கதவின் முன்னால் ஒரு விளக்கும் ஒரு தம்ளர் தண்ணீரும் வைப்பார்கள். அறைக்குள் இருந்த பொருள் எதுவும் அதுவரை வெளியே வராது.

தூத்துக்குடிப் பக்கத்திலிருந்து வந்து திருவொற்றியூரில் மளிகைக் கடை போட்டவர் அப்பா. முன்பக்கம் கடை, பின்பக்கமும் மாடியும் வீடு. கடையை இப்போது அண்ணனும் மதினியும் பார்த்துக்கொள்கிறார்கள். நான் ராயபுரத்தில், துறைமுகச் சரக்குகளுக்குச் சுங்க ஆவணம் தயாரிக்கும் ஓர் அலுவலகத்தில் வேலை செய்கிறேன். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. கீழே இருந்த பக்கவாட்டு அறை என்னுடையது. அப்பாவால் படியேற முடியாமல் போனபோது அறையை அவருக்குக் கொடுத்துவிட்டு நான் மாடிக்குப் போனேன். அலமாரி மட்டும் படியில் திரும்பாததால் கீழேயே நின்றுவிட்டது.

அந்த இரண்டாவது தட்டில் இருந்தது நவஹோ மக்களைப் பற்றிய ஒரு ஆங்கிலப் புத்தகம். அமெரிக்காவின் வறண்ட மேட்டு நிலத்தில் ஆடு வளர்த்தும் கம்பளி நெய்தும் வாழும் ஒரு குடும்பத்தோடு பல காலம் தங்கியிருந்து ஒருவர் எழுதியது. அது எனக்காக வாங்கியது அல்ல. என் பள்ளிக்கூட நண்பனுக்காக வாங்கியது. அவன் சிறையில் இருக்கிறான்.

அவனைப் பற்றி ஒளிக்க ஒன்றுமில்லை. கடலோரக் குப்பத்துப் பையன். ஐடிஐ படித்து, விசைப்படகு இன்ஜின் பழுது பார்ப்பதில் கெட்டிக்காரனாக இருந்தான். ஒரு படகின் பங்குத் தகராறில் அண்ணன் தம்பி இருவரை வெட்டிக் கொன்றான். நான் பார்க்கவில்லை, ஆனால் அவன் மறுத்ததும் இல்லை. உயிர் உள்ளவரை சிறை, தண்டனைக் குறைப்பு கிடையாது, பரோல் கிடையாது என்று தீர்ப்பானது. அவன் அம்மா இறந்தபோதும் விடவில்லை. எங்கள் வீட்டில் அன்றிலிருந்து அவன் பெயரை யாரும் வாயில் எடுப்பதில்லை. சின்ன வயதில் எங்கள் கடை வாசலில் உட்கார்ந்து பொட்டுக்கடலை தின்றவன்தான்.

மாதத்துக்கு இரண்டு தடவை நான் போய்ப் பார்ப்பேன். அதை மனு பார்ப்பது என்பார்கள். மணலி வழியாக பஸ், பிறகு ஷேர் ஆட்டோ, பிறகு வரிசை, பிறகு கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நான், அந்தப் பக்கம் அவன், நடுவில் டெலிபோன் மாதிரி ஒரு ரிசீவர். பக்கத்தில் எல்லோரும் கத்திக்கொண்டிருப்பார்கள். உள்ளே போன பிறகு அஞ்சல் வழியில் பட்டம் வாங்கினான். அகராதி வைத்துக்கொண்டு ஆங்கிலம் படிப்பான். சிறை நூலகத்தில் யாரோ தானம் கொடுத்த மூட்டையில், அட்டையும் கடைசி மூன்றிலொரு பங்கும் இல்லாத ஒரு புத்தகம் அவன் கைக்குக் கிடைத்தது. அதுதான் நவஹோ புத்தகம். மீதியைத் தேடிக் கொடு என்று என் உயிரை வாங்கினான். தலைப்பு தெரியாது, எழுதியவர் தெரியாது. இருந்த பக்கங்களிலிருந்து அவன் சொன்ன அத்தியாயப் பெயர்களை வைத்துக்கொண்டு ஒரு வருடம் தேடினேன்.

கடைசியில் ஒரு பழைய புத்தகக்காரரிடம் கிடைத்தது. அவர் அதைத் தனியாகத் தரமாட்டேன் என்றார். எங்கோ கலைத்த நூலகத்திலிருந்து வந்த சரக்கு, இரண்டிரண்டாகக் கயிறு போட்டுக் கட்டியிருந்தார். கட்டைப் பிரித்தால் மற்றது விற்காதாம். அந்த மற்றது, பரோல் இல்லாத ஆயுள் தண்டனை பெற்ற அமெரிக்கக் கைதிகளைப் பற்றியது. இது வேண்டாம், இதை மட்டும் கொடுங்கள் என்று எவ்வளவோ சொல்லிப் பார்த்தேன். நீங்கள் படிக்காவிட்டால் யாருக்காவது கொடுங்கள் என்றார். யாருக்குக் கொடுப்பது என்று அவருக்குச் சொல்லவா முடியும்?

இரண்டையும் வீட்டுக்குக் கொண்டுவந்தேன். நவஹோவை அலமாரியில் வைத்தேன். மற்றது ரயிலில் புரட்டிப் பார்க்க என் அலுவலகப் பையில் இருந்தது. அடுத்த மனுவுக்கு எடுத்துப் போக வேண்டும் என்று இருந்தபோது அப்பாவுக்கு முடியாமல் போய்விட்டது.

இங்கேதான் மதினி என் மேல் வைத்திருக்கும் முக்கியமான குற்றச்சாட்டு வருகிறது. டாக்டர் இனி வீட்டிலேயே வைத்துக்கொள்ளுங்கள் என்று சொல்லி அனுப்பிய அன்று மதினி தினசரி காலண்டரைக் கிழித்துப் பார்த்தார். ஊரில் இருக்கும் ஜோசியருக்கு போன் செய்தார். பிறகு என்னிடம் வந்து, நாளையிலிருந்து ஐந்து நாளும் ஆகாத நாள், மாமாவைக் கட்டிலோடு வெளியே வண்டி நிறுத்தும் ஷெட்டுக்கு மாற்றிவிடலாம், நாலு பக்கமும் தார்ப்பாய் கட்டிவிடலாம், ஃபேன் போட்டுவிடலாம் என்றார். அண்ணன் தலையை ஆட்டினார். அண்ணன் யார் என்ன சொன்னாலும் தலையை ஆட்டுவார்.

நான் முடியாது என்று சொன்னேன். ஷெட்டுக்கு நேர் எதிரே எண்ணூர் நெடுஞ்சாலைக்குப் போகும் தெரு. கன்டெய்னர் லாரிகள் நெரிசலைத் தவிர்க்க அதில் புகுந்துவிடும். கரிப்புழுதி ஒரு நாளில் ஜன்னல் கம்பியைக் கறுப்பாக்கும். மூச்சுக்குத் தவிக்கும் மனிதரை நட்சத்திரம் பார்த்து அங்கே கொண்டு போட வேண்டுமா என்று கேட்டேன். மதினி, "தம்பி, நான் ஆசைக்குச் சொல்லல. வீட்டுல பிள்ளைங்க இருக்கு" என்றார். கொஞ்ச நேரம் வாதம் நடந்தது. அப்பா அறையிலேயே இருந்தார். இரண்டாம் நாள் மதியம், மதினி ஊட்டிய கஞ்சியில் இரண்டு கரண்டி உள்ளே போன பிறகு, அமைதியாகப் போய்விட்டார்.

அதற்குப் பிறகு நடந்த கூத்தைச் சொல்லி மாளாது. ஜன்னலுக்கு வெளியே இருந்த சந்து ஓர் ஆள் பக்கவாட்டில் நடக்கும் அகலம். பக்கத்து வீட்டுத் தண்ணீர் டிரம்மையும் மோட்டார் பெட்டியையும் நகர்த்த அவர்கள் ஒரு மணி நேரம் யோசித்தார்கள். பாடையைச் சாய்த்துத்தான் வெளியே எடுக்க முடிந்தது. சாய்க்கும்போது எட்டுப் பேர் எட்டு விதமாகக் கட்டளை போட்டார்கள். சாயங்காலத்துக்குள் கொத்தனார் ஓட்டையைச் செங்கல் வைத்து அடைத்துவிட்டார். மதினி கதவைப் பூட்டி, சாவியை இடுப்பில் செருகினார். நான் சுடுகாட்டிலிருந்து திரும்பி, குளித்து, தலை துவட்டும்போதுதான் இரண்டாவது தட்டு ஞாபகம் வந்தது.

காரியம் முடிந்து முதல் மனுவுக்குப் போனேன். அவனுக்கு அப்பா விஷயம் முன்பே தெரிந்திருந்தது, குப்பத்து ஆள் யாரோ சொல்லியிருந்தார்கள். "பெர்சு நல்ல மன்சன். எனக்கு கடலை குடுக்கும்போது ஒரு பிடி ஜாஸ்தி போடுவாரு" என்றான். பிறகு, புத்தகம் எங்கே என்றான்.

நடந்ததை வரிசையாகச் சொன்னேன். ஜன்னல், சந்து, பூட்டு, சாவி. நான் சொல்லச் சொல்ல அவன் கண்ணாடிக்கு அருகே முகத்தைக் கொண்டுவந்தான். அவனுக்குச் சிரிப்பு வருகிறது என்று எனக்குக் கோபம் வந்தது.

"அண்ணாச்சி, அந்த ஆட்டுக்காரங்க வூட்லயும் இதே ரூல்ஸ்தான்" என்றான். எங்கள் கடையை வைத்து என்னை அண்ணாச்சி என்று கேலியாகக் கூப்பிட ஆரம்பித்தவன், ஆறாம் வகுப்பிலிருந்து அதை விடவில்லை. அவன் படித்திருந்த பகுதியில் அது விவரமாக இருக்கிறதாம். நவஹோ மக்களின் வீட்டு வாசல் கிழக்கே பார்த்து இருக்கும். உள்ளே ஒருவர் இறந்தால் வாசல் வழியாக எடுப்பதில்லை. வடக்குச் சுவரை உடைத்து அந்த வழியாக எடுப்பார்கள். பிறகு அந்த வீட்டில் யாரும் குடியிருப்பதில்லை, அப்படியே விட்டுவிட்டு வேறு வீடு கட்டுவார்கள். இறந்தவர் பெயரையும் சொல்வதில்லை. ஆறு மாதம் என்ற கெடுவெல்லாம் கிடையாது.

"உங்களுக்கு ரூம்புதான் போச்சு. அவனுங்களுக்கு வூடே பூடும். அதனால இன்னா பண்ணுவானுங்க தெர்மா? சாவப்போற ஆளை முன்னாடியே வெளிய தூக்கியாந்துருவானுங்க."

அவனிடமிருந்த புத்தகம் கிழிந்திருப்பது அந்த இடத்தில்தானாம். கிழவருக்கு முடியவில்லை. மகன்கள் இருவரும் வந்திருக்கிறார்கள். அது அந்தக் கிழவி, அதாவது அவர் மனைவி, கையால் மண் குழைத்துப் பூசிய வீடு. ஆடுகளும் வீடும் அங்கே பெண்களுக்குத்தான் சொந்தம். தூக்கலாமா வேண்டாமா என்று மகன்கள் அவளைப் பார்க்கிறார்கள். அவள் தறியை விட்டு எழுந்திருக்கிறாள். அதோடு தாள் இல்லை.

"தூக்கினாங்களா இல்லையா? அத்த தெரிஞ்சுக்காம நான் ரெண்டு வருஷமா பேஜாராகிக்கினு கீறேன். நீ இன்னாடான்னா புக்கை வாங்கி வூட்ல வச்சு பூட்டிகினு வந்து கத சொல்ற. கடைசிப் பக்கத்தையாவது படிச்சியா?"

படிக்கவில்லை. நான் எந்தப் புத்தகத்தையும் முதல் பக்கத்திலிருந்து படிப்பவன். இரண்டாம் அத்தியாயத்தில் இருந்தேன். இதைச் சொன்னதும் அவன் ரிசீவரை ஒரு கணம் காதிலிருந்து எடுத்துவிட்டுக் கூரையைப் பார்த்தான்.

வெறுங்கையோடு போகக் கூடாது என்று, அடுத்த மனுவுக்குப் பையில் இருந்த மற்றப் புத்தகத்தை எடுத்துப் போனேன். சோதனை மேசை ஏட்டு அதற்கு முன்பு என்னிடமிருந்து ஒரு அட்லஸைத் திருப்பி அனுப்பியிருக்கிறார், வரைபடம் இருக்கிறதாம். ஒரு சமையல் புத்தகத்தை மூன்று வாரம் வைத்திருந்தார். சிறையைப் பற்றியே எழுதிய இந்தப் புத்தகத்தை ஒரு பார்வை பார்த்துவிட்டு உள்ளே அனுப்பினார். ஒரு நிபந்தனைதான், கெட்டி அட்டை கூடாது. அட்டையைக் கிழித்து என்னிடமே கொடுத்தார்.

அதைப் படித்துவிட்டு அவன் என்னிடம் கோபித்துக்கொண்டான். அதில் இளம் வயதில் உள்ளே போய்க் கிழவர்களானவர்கள் வருகிறார்கள். சக்கர நாற்காலியில் இருப்பவனுக்கு இன்னொரு கைதி முகம் கழுவிவிடுகிறான். வருகிற ஆளும் இல்லை, போகிற தேதியும் இல்லை. நான் ரயிலில் படித்தபோது அத்திப்பட்டு அனல்மின் நிலையத்துக்குப் போகும் கூட்டம் என் தோளில் சாய்ந்துகொண்டிருந்தது. இரண்டு நாள் சரியாகச் சாப்பிட முடியவில்லை.

"ஒரு கெயவன் ஜன்னலாண்ட குருவிக்கு ரொட்டி போட்டானாம், அதுக்கு ரெண்டு பக்கம் எயுதிக்கீறாங்க. எங்க பிளாக்ல டெய்லி நாலு பேரு காக்காக்கு சோறு வக்கிறோம், யாரு எயுதறா?" என்றான். "இதெல்லாம் எனக்குத் தெரியும் அண்ணாச்சி. தெரியாதத்த கொண்டா."

மூன்றாம் மாதம் அவன் கண்ணைப் பற்றிச் சொன்னான். சர்க்கரை வியாதி அவனுக்குப் பழையது. இடது கண் ஏற்கெனவே மங்கல். இப்போது வலது கண்ணிலும் எழுத்து மேலே கறுப்பாக ஏதோ மிதக்கிறது, வரிகள் வளைகின்றன என்றான். கண் ஆஸ்பத்திரியில் லேசர் வைக்கத் தேதி கொடுத்தார்கள். அன்றைக்கு அவனோடு அனுப்பப் போலீஸ் எஸ்கார்ட் இல்லை. மறு தேதி கொடுத்தார்கள். அன்றைக்கு ஏதோ தலைவர் வருகை, அன்றும் எஸ்கார்ட் இல்லை. நான் சிறை அதிகாரிக்கு ஒரு மனு எழுதிக் கொடுத்தேன். அதற்குப் பதிலாக, மனு பெறப்பட்டது என்று ஒரு கடிதம் வந்தது.

வேறு பிரதிக்கும் அலைந்தேன். பழைய புத்தகக்காரர், கட்டைப் பிரிக்கச் சொன்ன ஆள்தானே நீங்கள் என்று கேட்டுவிட்டு இல்லை என்றார். இணையத்தில் ஒன்று இருந்தது, கப்பலில் வந்து சேர்வதற்குள் அடைப்பே முடிந்துவிடும். ஒரு நாள் சந்துக்குள் போய், பூசாமல் விட்டிருந்த செங்கல்லைக் கையால் தட்டிக்கூடப் பார்த்தேன். பக்கத்து வீட்டு அம்மாள் ஜன்னலிலிருந்து, எலியா என்று கேட்டார்.

அண்ணனிடம் சொன்னேன். நீ சொல்வதும் சரி, அவள் சொல்வதும் சரி என்றார். அதைவிட ஒன்றும் சொல்லாமல் இருந்திருக்கலாம்.

மதினியிடம் அதுவரை நான் காரணத்தைச் சொல்லவில்லை. அலுவலக வேலைக்கு ஒரு புத்தகம் வேண்டும் என்று மட்டும் சொல்லியிருந்தேன். ஆறு மாதம் என்றால் ஆறு மாதம் என்று பதில் வந்திருந்தது. நாலாம் மாதம் ஒரு சாயங்காலம் கடைக்குள் போனேன். ஒரு பெண் பால் பாக்கெட்டும் தயிரும் வாங்கிக்கொண்டிருந்தார். அவர் போகும்வரை நின்றேன். பிறகு அவன் பெயரைச் சொல்லி, அட்டையில் ஆடு படம் போட்ட அந்தப் புத்தகம் அவனுக்கு, அவன் கண் போய்க்கொண்டிருக்கிறது, இன்னும் இரண்டு மாதம் தாங்காது என்றேன். அந்தக் கடையில் அந்தப் பெயர் கேட்டுப் பல வருடம் ஆகியிருந்தது. அண்ணன் தராசைத் துடைக்க ஆரம்பித்தார்.

மதினி தெருவைப் பார்த்தார். "இப்பப் பால் வாங்கிட்டுப் போனாளே, பாத்தீங்களா தம்பி?"

பார்த்தேன். யார் என்று எனக்கும் தெரியும். வெட்டுப்பட்ட இருவரில் மூத்தவனின் மனைவி. அடுத்த தெருவில் இருக்கிறார். தினமும் வருவார்.

"அவகிட்ட தினமும் மூஞ்சி பாத்துப் பேசறது நான். நீங்க இல்ல" என்றார் மதினி. கொஞ்சம் பொறுத்து, "ஆனா சாவி தராதது அதுக்காக இல்ல. அதையும் இதையும் போட்டுக் குழப்பாதீங்க. எங்கப்பா கேட்டாலும் தரமாட்டேன். அன்னைக்கே மாமாவ வெளிய தூக்கி வச்சிருந்தா இன்னைக்கு அறை தெறந்து கெடக்கும்" என்றார்.

ஒரு மனிதனின் கண்ணுக்கும் காலண்டருக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்க வாயெடுத்தேன். அதற்குள் யாரோ கால் கிலோ துவரம்பருப்பு கேட்டு வந்துவிட்டார்கள். மதினி பருப்பை நிறுத்துக் காகிதத்தில் மடித்துக் கொடுத்தார். பிறகு என்னைப் பார்க்காமல் கேட்டார்.

"ரெண்டு கண்ணுமா?"

ஆமாம் என்றேன். அன்று சாயங்கால விளக்கு வழக்கம்போல அந்தக் கதவுக்கு முன்னால் எரிந்தது.

அப்பாவை வெளியே தூக்காததில் எனக்கு இன்றும் வருத்தமில்லை. மறுபடி நேர்ந்தாலும் தூக்கவிடமாட்டேன். ஆனால் அந்த மாதங்களில் அந்தப் பூட்டைத் தாண்டி மாடிப்படி ஏறும்போதெல்லாம் எனக்கு யார் மேல் கோபப்படுவது என்று தெரியாமல் எல்லோர் மேலும் கோபம் வந்தது. மதினி மேல், ஜோசியர் மேல், எஸ்கார்ட் மேல், படியில் திரும்பாத அலமாரி மேல். சிறைக்குப் போயும் சும்மா இராமல் ஆங்கிலம் படித்த அவன் மேலும்.

கெடு முடிந்தது. ஐயர் வந்தார், ஹோமம் நடந்தது. கோயில் பக்கமிருந்து ஒரு பசுவையும் கன்றையும் கூட்டிவந்தார்கள். பசு அறைக்குள் நுழையமாட்டேன் என்று வாசலிலேயே சாணி போட்டு நின்றது, அதுவே போதும் என்று ஐயர் சொல்லிவிட்டார். கடற்காற்றில் மெத்தை பூசணம் பிடித்திருந்தது. சுவர் அடைத்த சிமென்ட் தூசி எல்லாவற்றின் மேலும் படிந்திருந்தது. போர்வை போர்த்திய அலமாரி மட்டும் சுத்தமாக இருந்தது. இதை நான் மதினியிடம் எடுத்துச் சொன்னேன். அவர் காதில் வாங்காமல், சொம்பில் இருந்த மஞ்சள் தண்ணீரை அலமாரி முழுக்கத் தெளித்தார். தெளித்தார் என்பது மரியாதைக்குச் சொல்வது, ஊற்றினார். பிறகு முந்தானையால் ஒவ்வொரு புத்தகமாகத் துடைத்துப் பார்த்து, அட்டையில் ஆடு படம் போட்டிருந்ததை எடுத்து என்னிடம் நீட்டினார்.

"கொண்டு குடுங்க" என்றார். யாருக்கு என்று சொல்லவில்லை.

இரண்டு நாளில் நான் அதை முழுதும் படித்துவிட்டேன். இந்த ஒரு தடவை கடைசியிலிருந்து. கிழவருக்கு என்ன ஆனது, கிழவி என்ன சொன்னாள், வீடு என்ன ஆனது, எல்லாம் எனக்குத் தெரிந்துவிட்டது.

சோதனை மேசையில் ஏட்டு பக்கங்களைப் புரட்டி, இது என்ன மஞ்சள் கறை என்றார். சொன்னேன். அடைப்பு என்ற சொல் கேட்டதும் அவர் சட்டென்று கையை எடுத்துவிட்டார். பிறகு, கெட்டி அட்டையை நீங்களே கிழித்துக் கொடுங்கள் என்றார். நான் மெதுவாகக் கிழித்தும் முதுகுத் தையல் விட்டு, தாள்கள் கட்டுக் கட்டாகக் கழன்று கையில் வந்தன. அப்படியே இருக்கட்டும், அவனைக் கேட்டுவிட்டு உள்ளே அனுப்புகிறேன் என்று சொல்லி வாங்கிக்கொண்டேன்.

அவனை ஒருவர் தோளைப் பிடித்துக் கூட்டிவந்து நாற்காலியில் உட்கார வைத்தார். ரிசீவரைக் கையால் துழாவி எடுத்தான்.

"நீல சட்டையா?"

வெள்ளை என்றேன்.

"வெளிச்சம் தெரியுது. கலர்தான் மிஸ்ஸாவுது" என்றான். லேசர் கடைசியில் வைத்தார்களாம். இதை மூன்று மாதத்துக்கு முன்பே செய்திருக்க வேண்டும் என்று டாக்டர் எஸ்கார்ட் போலீஸைத் திட்டினாராம். போலீஸ்காரர், எனக்கு இன்னிக்குத்தான் டியூட்டி சார் என்றாராம். இதை அவன் நடித்துக் காட்டினான். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

புத்தகம் வந்துவிட்டது என்றேன். படித்தும்விட்டேன், கிழவர் விஷயம் ஒரே வாக்கியம்தான், இப்போதே சொல்கிறேன் என்று ஆரம்பித்தேன். அவன் கண்ணாடியில் ஓங்கித் தட்டினான். பக்கத்தில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள்.

"சொல்லாத. கிழிஞ்ச எடத்துலேர்ந்து படி. வரிசையா."

இந்த இரைச்சலில், கொடுக்கிற கொஞ்ச நேரத்தில், ஆங்கிலத்தைப் பார்த்துப் பார்த்துத் தமிழில் சொல்லி, மாதத்துக்கு இரண்டு தடவை. எப்போது முடியும் என்று கேட்டேன். உள்ளே படித்த ஆள் யாராவது இருப்பார்களே, புத்தகத்தை அனுப்பிவிடுகிறேன், உட்கார்ந்து படித்துக் காட்டச் சொல் என்றேன்.

"கீறான் ஒரு வாத்தியாரு. குடுத்தா ரெண்டே நாள்ல முடிச்சுடுவான்." ரிசீவரை வேறு காதுக்கு மாற்றிக்கொண்டான். "அப்பால நீ இன்னாத்துக்கு வருவ?"

ஒரு புத்தகமும் இல்லாத வருடங்களிலும் நான் வந்துகொண்டுதான் இருந்தேன் என்று சொல்ல வேண்டும் போல எரிச்சலாக இருந்தது. கழன்ற தாள்களில் கிழவர் பகுதி தொடங்கும் கட்டைச் சட்டைப் பைக்குள்ளிருந்து எடுத்தேன். புத்தகமாக இருந்தால் மனு அறைக்குள் விடமாட்டார்கள். நாலைந்து தாள் என்றால் ஏட்டு கண்டுகொள்வதில்லை, மஞ்சள் பட்ட தாளை அவர் தொடவும் விரும்புவதில்லை.

அன்றிலிருந்து இப்படித்தான் போகிறது. இரண்டு பாராவுக்கு ஒரு தடவை நிறுத்துகிறான். தறியை விட்டு எழுந்தாள் என்றால் எந்தப் பக்கம் எழுந்தாள், வாசல் கிழக்கே பார்த்து இருக்கிறதே, வெயில் அவள் முகத்திலா முதுகிலா என்கிறான். நான் செம்மறி என்று சொன்னதை வெள்ளாடு என்று சாதிக்கிறான், தனக்கு முன் பாகம் மனப்பாடமாம். நான் ஒரு வரியைத் தாண்டினால் கண்டுபிடித்துவிடுகிறான். என் குரல் ஆவணம் வாசிப்பது போல இருக்கிறதாம். ஒரு தடவை நேரம் முடிந்து ரிசீவர் பாதி வாக்கியத்தில் செத்துவிட்டது. அடுத்த மனுவில் அந்த வாக்கியத்தின் முதல் சொல்லிலிருந்து திரும்பத் தொடங்கச் சொன்னான்.

மதினி ஒவ்வொரு தடவையும் நான் செருப்பைக் கழற்றும்போது கல்லாவிலிருந்து, என்ன ஆச்சு என்கிறார். கிழவர் கதையைக் கிழிந்த இடம் வரை அவருக்கும் சொல்லியிருந்தேன். அவன் கண்ணைக் கேட்கிறாரா, கிழவரைக் கேட்கிறாரா என்று தெரியாது. அவருக்கும் முடிவைச் சொல்ல நான் தயாராக இருந்தேன். ஆனால் யாரிடமும் சொல்லாதே என்று அவன் சத்தியம் வாங்கியிருக்கிறான்.

போன மனுவில் முழுதாக ஒரு தாள்கூட நகரவில்லை. மகன்கள் வீட்டுக்கு வெளியே, வேலமரம் போன்ற ஒரு மரத்தடியில், தரையைப் பெருக்கி ஆட்டுத்தோல் விரித்துவிட்டார்கள். கிழவி இன்னும் வாசலில்தான் நிற்கிறாள். என்ன மரம் என்று சரியாகப் பார்த்துக்கொண்டு வரச் சொல்லியிருக்கிறான். கிழவரை இன்னும் யாரும் தூக்கவில்லை.